ஆலன் பேஜ்: 15 சீசன் களத்தில், 22 வருடம் நீதிமன்றத்தில்

#1 ஏரிக்கரையான்

மினியாபொலிஸில் அக்டோபர் தொடக்கத்தில் வருடா வருடம் மாரத்தான் நடக்கும். சில வருடம் முன்பு என் மனைவி முதல்முறையாக ஓடினாள். அவளைப் பார்த்துக் கைதட்ட நானும் பையனும் காலை எட்டரைக்கே லேக் ஆஃப் தி ஐல்ஸ் ஏரிக்கரையில் போய் நின்றோம். குளிர் காதைக் கடித்தது. ஓடுகிறவர்கள் வளைவு திரும்புவதற்கு முன்பே ஒரு சத்தம் வந்தது. நம்மூர்க் கொம்பு மாதிரி உச்சத்தில் பிளிறும் சத்தம் இல்லை. வயிற்றிலிருந்து கிளம்பி நெஞ்சுக்கூட்டில் வந்து உட்காரும் சத்தம். திரும்பிப் பார்த்தால், நெட்டையாக, தலை நரைத்த ஒரு கறுப்பினப் பெரியவர். அவருக்குப் பொருத்தமான பெரிய பித்தளை தூபாவை அணைத்துப் பிடித்துக்கொண்டு, போகிற வருகிற ஓட்டக்காரர்கள் எல்லோருக்கும் ஊதிக்கொண்டிருந்தார்.

பக்கத்தில் நின்ற அம்மா "அவர்தான் ஜஸ்டிஸ் பேஜ்" என்றார். யாரோ நீதிபதி போல என்று நினைத்தேன். என் பையன்தான் கையைப் பிடித்து இழுத்தான். "அப்பா, அவர் வைக்கிங்ஸ் நம்பர் 88! அந்த ஜெர்சியை இனி யாருக்குமே கொடுக்க மாட்டாங்க!"

அன்று ராத்திரி உட்கார்ந்து தேட ஆரம்பித்தவன் இன்னும் நிறுத்தவில்லை. 1967 முதல் 1981 வரை அமெரிக்கக் கால்பந்தின் உச்சியில் ஆடியவர், பெரும்பகுதி மினசோட்டாவின் வைக்கிங்ஸ் அணிக்காக. 1993 முதல் 2015 வரை மினசோட்டா மாநில உச்ச நீதிமன்ற நீதிபதி. இரண்டுக்கும் நடுவில் சும்மா இருந்த ஒரு வருடம்கூடக் கிடையாது.

விளையாட்டு வீரர்களின் ஓய்வுக்குப் பிறகான வாழ்க்கையைப் பற்றி இங்கே பல இழை பார்த்திருக்கிறேன். எல்லாம் கடன், குடி, மறதி என்றுதான் முடியும். இவர் கதையையும் ஒரு தடவை நிதானமாகப் பேசிப் பார்க்கலாம் என்றுதான் இதைத் தொடங்குகிறேன்.

#2 புளியமரத்தடி

அண்ணா, நல்ல தொடக்கம். ஆனால் அந்த ஆட்டமே எனக்குப் புரியாது. ஹெல்மெட் போட்டுக்கொண்டு மோதுவார்கள், ரெண்டு செகண்டில் விசில் அடிப்பார்கள், மறுபடி நிற்பார்கள். இவர் அதில் என்ன செய்தார்? கோல் போடுகிறவரா? ஆட்டக்காரர் ஒருவர் வக்கீலாகி நீதிபதியும் ஆவதற்கு வயது எங்கே இருந்தது?

#3 ஏரிக்கரையான்

தம்பி, கோல் போடுகிற ஆளே இல்லை. அதுதான் விசேஷம்.

பந்து கையில் வைத்திருக்கும் அணியில் குவார்ட்டர்பேக் என்று ஒருவர் இருப்பார். எறிவது, கொடுப்பது எல்லாம் அவர் மூளை. அவரைச் சுற்றி ஐந்து மலைகள் அரண் கட்டி நிற்கும். பேஜ் எதிர்ப்பக்கம். அந்த அரணின் நடுவாசலை உடைத்து உள்ளே போய் குவார்ட்டர்பேக்கைச் சாய்ப்பதுதான் அவர் வேலை. டிஃபென்சிவ் டேக்கிள் என்பார்கள். பந்தைத் தொடாமலே ஒரு சீசன் முழுக்க ஆடிவிடலாம். பேர் வாங்குவது கஷ்டமான இடம்.

அந்த இடத்தில் ஆடித்தான் 1971இல் என்எஃப்எல் என்ற தொழில்முறைக் கால்பந்து லீக்கின் மிகச் சிறந்த ஆட்டக்காரர் விருதை வாங்கினார். தடுப்பாட்டக்காரர் ஒருவருக்கு அசோசியேட்டட் பிரஸ் செய்தி நிறுவனம் அந்த விருதைக் கொடுத்தது அதுதான் முதல் தடவை. பிறகு 1986இல் லாரன்ஸ் டெய்லர். அவ்வளவுதான், வேறு தடுப்பாட்டக்காரர் இல்லை. பேஜின் வேகம் அப்படி. எதிரே நிற்பவன் கை தூக்குவதற்குள் இவர் தோளைத் தாண்டியிருப்பார். கார்ல் எல்லர், ஜிம் மார்ஷல், கேரி லார்சன், இவர். இந்த நாலு பேர் வரிசைக்கு 'பர்ப்பிள் பீப்பிள் ஈட்டர்ஸ்' என்று பட்டப்பெயர். ஊதாச் சட்டை போட்ட ஆள்தின்னிகள். ப்ளூமிங்டனில் அப்போது திறந்தவெளி மைதானம். டிசம்பரில் பனி கொட்டும். கோச் பட் கிராண்ட் ஆட்டக்காரர்கள் உட்காரும் இடத்தில் ஹீட்டர் வைக்கவே விடமாட்டார்.

15 சீசனில் 218 ஆட்டம். ஒன்றைக்கூடத் தவறவிட்டதில்லை. நாலு தடவை சூப்பர் பவுல் இறுதிக்குப் போய் நாலிலும் தோற்றார்கள். கான்சஸ் சிட்டி, மயாமி, பிட்ஸ்பர்க், ஓக்லண்ட்.

வயது எங்கே என்று கேட்டாய் இல்லையா? ஆடிக்கொண்டே படித்தார். முதல் முயற்சி சரிவரவில்லை. வைக்கிங்ஸில் சேர்ந்த புதிதில் வில்லியம் மிட்செல் சட்டக் கல்லூரியில் சேர்ந்து, மூன்றே வாரத்தில் ஒன்றும் புரியாமல் விட்டுவிட்டார். பிறகு 1975இல் மினசோட்டா பல்கலைக்கழகச் சட்டக் கல்லூரி. அப்போது முப்பது வயது. காலையில் வகுப்பு, பிறகு பயிற்சி, ஞாயிற்றுக்கிழமை மோதல், திங்கட்கிழமை உடம்பெல்லாம் ரணத்தோடு மறுபடி வகுப்பு. 1978இல் பட்டம் வாங்கிவிட்டார். எனக்கு இதில் பிடித்தது அந்த மூன்று வாரம்தான். தோற்றுத் திரும்பிய படிப்புக்கே ஏழெட்டு வருடம் கழித்து மறுபடி போய் நிற்க எத்தனை பேருக்கு மனசு வரும்?

#4 காலைநடை

ஏரிக்கரையான் சார், சிகாகோவிலிருந்து எழுதுகிறேன். எங்கள் ஊர்ப் பங்கை விட்டுவிட்டீர்களே! கடைசி நாலு சீசன் அவர் எங்கள் பேர்ஸ் அணியில்தான் ஆடினார். வைக்கிங்ஸ் அவரைத் துரத்திவிட்டது. காரணம் ஓட்டம்.

அவர் மனைவி டயேன் சிகரெட்டை விடுவதற்காக ஓட ஆரம்பித்தார். கூடவே இவரும் ஓடினார். மனைவி ஓட, கணவருக்குப் பைத்தியம் பிடித்தது. வாரத்துக்கு எத்தனையோ மைல். 110 கிலோ ஆள் நூறு கிலோவை ஒட்டி இறங்கிவிட்டார். நடுவாசலை உடைக்கிறவன் மெலிந்தால் எந்தக் கோச் சும்மா இருப்பார்? 1978 சீசன் நடுவிலேயே பட் கிராண்ட் அவரைக் கழற்றிவிட்டார். பேர்ஸ் எவ்வளவு கொடுத்து எடுத்தது தெரியுமா? நூறு டாலர். லீக்கில் கைவிடப்பட்ட ஆட்டக்காரரை எடுத்துக்கொள்ள அப்போது கட்ட வேண்டிய கட்டணம் அவ்வளவுதான். ஏழு வருடம் முன்பு லீக்கிலேயே சிறந்தவர் என்று விருது வாங்கியவரின் விலை.

சிகாகோவில் அப்போது தலைமைக் கோச் நீல் ஆம்ஸ்ட்ராங் (நிலாவுக்குப் போனவர் இல்லை), தடுப்பாட்டக் கோச் பட்டி ரையன். இருவருமே முன்பு மினசோட்டாவில் பேஜைப் பயிற்றுவித்தவர்கள். மெலிந்தாலும் இவன் என்ன செய்வான் என்று அவர்களுக்குத் தெரியும். 1981 வரை ஒரு ஆட்டம் விடாமல் ஆடினார்.

1979இல் மாரத்தான் ஓடி முடித்தார். லீக்கில் ஆடிக்கொண்டிருக்கும்போதே முழு மாரத்தான் முடித்த முதல் ஆள். 1987இல் டுலூத் பக்கம் சுப்பீரியர் ஏரிக்கரையில் 100 கிலோமீட்டர் பந்தயமும் ஓடி முடித்தார். நானும் ஓடுகிறவன் என்பதால் சொல்கிறேன், 42 கிலோமீட்டருக்குப் பிறகு உடம்பு நம்மோடு பேசுவதை நிறுத்திவிடும். நூறு என்பது எனக்கு நினைத்துப் பார்க்கவே முடியாத தூரம்.

ஆனால் ஒன்று. பட் கிராண்டை வில்லனாக்குவது எனக்குச் சம்மதமில்லை. அணிக்கு எடை தேவை, அவர் எடையைக் கேட்டார். பேஜ் அப்போதே மனதளவில் வேறு வாழ்க்கைக்குப் போய்விட்டார். அதுதான் பிரச்சினை.

#5 வக்கீல் திண்ணை

ஐயா, 35 வருடமாக மதுரையில் கறுப்புக் கோட்டோடு இருப்பவன் என்ற முறையில் ஒரு கேள்வி. பேஜ் "தேர்தலில் ஜெயித்து" நீதிபதியானார் என்று எங்கோ படித்தேன். நீதிபதிக்குத் தேர்தலா? ஓட்டுக் கேட்டு வீடு வீடாகப் போய்விட்டு மறுநாள் நியாயம் சொல்ல முடியுமா? ஆட்டக்காரர் என்ற புகழில்தான் ஜெயித்தார் என்றால் அது எனக்குக் கொஞ்சம் உறுத்துகிறது. விவரம் தெரிந்தவர்கள் விளக்க வேண்டும்.

#6 ஏரிக்கரையான்

வக்கீல் ஐயா, உறுத்துவது நியாயம்தான். எனக்கும் இங்கே வந்த புதிதில் வாக்குச்சீட்டில் நீதிபதிகள் பெயரைப் பார்த்து அதிர்ச்சி.

மினசோட்டாவில் சட்டப்படி நீதிபதிகள் ஆறு வருடத்துக்கு ஒருமுறை தேர்தலில் நிற்க வேண்டும். ஆனால் நடைமுறை வேறு. பெரும்பாலான நீதிபதிகள் பதவிக்காலம் முடிவதற்கு முன்பே விலகிக்கொள்வார்கள். காலியிடத்துக்கு ஆளுநர் ஒருவரை நியமிப்பார். அவர் பிறகு பதவியிலிருப்பவராகத் தேர்தலில் நிற்பார். இங்கே ஆளுநர் என்றால் நம் முதலமைச்சர் மாதிரி, மக்கள் தேர்ந்தெடுத்த நிர்வாகத் தலைவர் என்று வைத்துக்கொள்ளுங்கள். ஆக, பெயர்தான் தேர்தல். வெளியாள் நுழைய வழியே இருக்காது.

பேஜ் 1979இலிருந்து மினியாபொலிஸில் தனியார் சட்ட நிறுவனத்தில் வேலை பார்த்தார், அப்போதும் ஆடிக்கொண்டேதான். 1985இலிருந்து மாநில அட்டர்னி ஜெனரல் அலுவலகத்தில். 1992இல் உச்ச நீதிமன்ற இடம் ஒன்றுக்குத் தேர்தல் வர வேண்டியது. ஆளுநர் ஆர்னி கார்ல்சன், அந்த நீதிபதி முழு ஓய்வூதியத் தகுதி பெறட்டும் என்று அவருடைய பதவிக்காலத்தை நீட்டித்தார். தேர்தல் இல்லை என்றாகிவிட்டது. பேஜ் வழக்குப் போட்டார். பேஜ் எதிர் கார்ல்சன். எந்த நீதிமன்றத்தில் உட்கார ஆசைப்பட்டாரோ அந்த நீதிமன்றத்திலேயே! அங்கிருந்த நீதிபதிகள் ஒதுங்கிக்கொள்ள, சிறப்பாக அமர்த்தப்பட்ட நீதிபதிகள் விசாரித்தார்கள். வாக்காளரின் உரிமையை இப்படித் தள்ளிப்போட முடியாது என்று தீர்ப்பு. தேர்தல் நடந்தது. ஏறக்குறைய 62 சதவீதம் வாங்கி ஜெயித்தார். அந்த நீதிமன்றத்தின் முதல் கறுப்பின நீதிபதி.

புகழ் உதவியதா என்றால் உதவியது. மறுக்க முடியாது. ஆனால் சட்டக் கேள்வி ஒன்றை எழுப்பி, ஆளுநரை எதிர்த்து நின்று, அந்தக் கதவைத் திறந்தது வக்கீல் பேஜ். பிறகு 1998, 2004, 2010 என்று மூன்று முறை மக்கள் திரும்ப அனுப்பினார்கள்.

உங்களுக்குப் பிடிக்கும் என்று இன்னொன்று. 2008 செனட் தேர்தலில் கோல்மனுக்கும் அல் ஃபிராங்கனுக்கும் இடையே இழுபறி. சுமார் 29 லட்சம் வாக்கில் வித்தியாசம் 312. தலைமை நீதிபதியும் இன்னொரு நீதிபதியும் மறு எண்ணிக்கையை மேற்பார்த்த குழுவில் இருந்ததால் வழக்கிலிருந்து விலகினார்கள். மீதி ஐந்து பேர் அமர்வுக்குத் தலைமை தாங்கியவர் பேஜ். 2009 ஜூன் 30இல் ஐந்து பேரும் ஒரே குரலில் தீர்ப்புச் சொன்னார்கள். தோற்ற கோல்மன் அன்றே தோல்வியை ஏற்றுக்கொண்டார். ஊர் அமைதியாகக் கலைந்தது.

70 வயதில் கட்டாய ஓய்வு. 2015 ஆகஸ்டில் அதையும் சரியாகப் பிறந்தநாள் மாதத்தில் முடித்துக்கொண்டு வீட்டுக்குப் போனார்.

#7 வார்டு சிஸ்டர்

எல்லோருக்கும் வணக்கம். படிக்கப் படிக்க நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் மனசு கேட்காமல் எழுதுகிறேன். 18 வருடம் நரம்பியல் வார்டில் வேலை பார்த்தவள். பேஜ் மாதிரி ஆட்களைக் காட்டி "பார், அவர் படித்தார், உழைத்தார், நல்லா இருக்கார்" என்று சொல்லும்போது, நல்லா இல்லாதவர்கள் எல்லாம் உழைக்காதவர்கள் என்ற அர்த்தம் தானாக வந்துவிடுகிறது.

ஃபிரெட் மெக்நீல் என்ற பெயரை யாராவது கேள்விப்பட்டிருக்கிறீர்களா? அதே வைக்கிங்ஸ். 1974 முதல் 1985 வரை 12 சீசன் லைன்பேக்கர், அதாவது முன்வரிசைக்குப் பின்னால் நின்று தடுக்கிறவர். பேஜோடு ஒரே உடைமாற்றும் அறையில் இருந்தவர். 1977 ஜனவரியில் ஓக்லண்டுக்கு எதிரான சூப்பர் பவுலில், பந்தை உதைத்து அனுப்பும் ரே கை (Ray Guy) என்பவரின், அதுவரை யாராலும் தடுக்க முடியாத உதையைத் தடுத்துப் பந்தைப் பிடித்தவர் அவர்தான். அடுத்த சில நொடியில் வைக்கிங்ஸ் அந்தப் பந்தை நழுவவிட்டது வேறு கதை.

அவரும் சட்டம் படித்தார். அதுவும் பேஜ் மூன்று வாரத்தில் விட்ட அதே வில்லியம் மிட்செல் கல்லூரியில். அவரும் வக்கீல் ஆனார். நன்றாகவே வாதாடினார். பிறகு நாற்பதுகளில் மறதி. வழக்கு விவரம் மறந்தது, கோபம் வந்தது, வேலை போனது, வீடு கலைந்தது. உயிரோடு இருக்கும்போதே எடுத்த ஸ்கேனில் சிடிஇ என்ற மூளைச் சிதைவின் அடையாளம் தெரிந்தது. 2015 நவம்பரில் 63 வயதில் இறந்தார். மூளையைப் பரிசோதித்து உறுதி செய்தார்கள். உயிரோடு இருக்கும்போது ஸ்கேனில் தெரிந்தது இறந்த பிறகு உறுதியானது அவர் விஷயத்தில்தான் முதலில்.

பேஜ் நீதிமன்றத்திலிருந்து மரியாதையோடு விடைபெற்றது 2015 ஆகஸ்ட். மெக்நீல் போனது நவம்பர். ஒரே அணி, ஒரே படிப்பு, ஒரே ஒழுக்கம். என்ன தப்பு செய்தார் அவர்?

சிடிஇ என்றால் சுருக்கமாகச் சொல்கிறேன். மண்டையில் மறுபடி மறுபடி அடி விழும்போது நரம்பு இழைகளுக்குள் டாவ் என்ற புரதம் குலைந்து கட்டியாகத் தேங்குகிறது. மயக்கம் போட்டு விழுகிற பெரிய அடிதான் என்றில்லை. தினமும் பயிற்சியில் படும் சின்னச் சின்ன மோதலும் கூடிக் கூடிச் சேர்கிறது. முன்வரிசையில் நின்று தலையோடு தலை மோதுகிறவர்களுக்கு அது ஆயிரக்கணக்கில். பேஜும் முன்வரிசைக்காரர்தான். 2002இல் 50 வயதில் இறந்த பிட்ஸ்பர்க் மைக் வெப்ஸ்டரும் முன்வரிசைக்காரர். நாலு சூப்பர் பவுல் ஜெயித்தவர், கடைசிக் காலத்தில் தன் வண்டியிலேயே படுத்துத் தூங்கினார். இந்த லீக்கில் ஆடிய ஒருவரிடம் டாக்டர் பென்னட் ஒமாலு இதை முதலில் கண்டது அவர் மூளையில்தான்.

ஒருத்தருக்கு வருகிறது, ஒருத்தருக்கு வரவில்லை. ஏன் என்று மருத்துவத்திடம் இன்னும் முழுப் பதில் இல்லை. அதனால் பேஜைக் கும்பிடுங்கள், ஆனால் அவரை வைத்து மற்றவர்களை அளக்காதீர்கள்.

#8 புளியமரத்தடி

சிஸ்டர் அக்கா, படித்துவிட்டுக் கொஞ்ச நேரம் போனைக் கீழே வைத்துவிட்டேன். அவர்களுக்கு லீக் எதுவும் கொடுக்காதா? இவ்வளவு பணம் புரளும் ஆட்டமாயிற்றே?

#9 வார்டு சிஸ்டர்

கொடுக்க வைத்தார்கள் தம்பி. 4,500க்கும் மேற்பட்ட முன்னாள் ஆட்டக்காரர்கள் வழக்குப் போட்டார்கள். 2013இல் 76.5 கோடி டாலர் என்று ஒப்பந்தம். போதாது என்று நீதிபதி சந்தேகப்பட, உச்சவரம்பு நீக்கப்பட்டு 2017இல் நடைமுறைக்கு வந்தது.

அதில் எனக்கு இன்றும் வயிறு எரிகிற விஷயம் ஒன்று உண்டு. இழப்பீடு கேட்டு வருகிறவருக்கு அறிவுத்திறன் சோதனை வைப்பார்கள். கறுப்பின ஆட்டக்காரர்களுக்கு "ஆரம்ப நிலையே குறைவு" என்று ஒரு கணக்கு வைத்து மதிப்பெண்ணைத் திருத்தினார்கள். அதாவது ஒரே அளவு மறதி இருந்தாலும், வெள்ளையர் என்றால் நோய், கறுப்பர் என்றால் "இயல்பே அப்படித்தான்". இரண்டு முன்னாள் ஆட்டக்காரர்கள் நீதிமன்றம் போன பிறகு 2021இல்தான் அந்தக் கணக்கை எடுக்க ஒப்புக்கொண்டார்கள். லீக்கில் ஆடுகிறவர்களில் பெரும்பாலோர் கறுப்பினத்தவர் என்பதை மனதில் வைத்து இதைப் படியுங்கள்.

#10 கரும்பலகை

சிஸ்டர் சொன்ன கடைசி விஷயத்தைப் பிடித்துக்கொண்டே வருகிறேன். செயின்ட் பாலில் ஆரம்பப்பள்ளி ஆசிரியை நான்.

பேஜ் பிறந்தது ஒஹாயோவில் கான்டன் என்ற உருக்காலை ஊரில், 1945இல். அம்மா அவருடைய 13 வயதில் இறந்துவிட்டார். எட்டு வயதில் பிரவுன் வழக்குத் தீர்ப்பு வந்தது, 1954இல். பள்ளிகளில் நிறத்தை வைத்துப் பிரிப்பது செல்லாது என்ற தீர்ப்பு. காகிதத்தில் எழுதிய சட்டம் உலகத்தை மாற்ற முடியும் என்று அந்தப் பையன் அப்போதே பிடித்துக்கொண்டார். பள்ளி முடிக்கும் பருவத்தில் கட்டட வேலைக்குப் போனார். என்ன கட்டடம் தெரியுமா? ஊரில் அப்போது எழுந்துகொண்டிருந்த தொழில்முறைக் கால்பந்து ஹால் ஆஃப் ஃபேம், மிகச் சிறந்த ஆட்டக்காரர்களைக் கௌரவிக்கும் இடம். 25 வருடம் கழித்து, 1988இல், அதே கட்டடத்துக்குள் அவருக்கே மார்பளவுச் சிலை.

அந்த விழாவில் ஒவ்வொருவரையும் மேடைக்கு அறிமுகப்படுத்த வழக்கமாகப் பழைய கோச் வருவார், அல்லது கூட ஆடியவர் வருவார். பேஜ் அழைத்தது மினியாபொலிஸ் நார்த் உயர்நிலைப் பள்ளித் தலைமையாசிரியை வில்லரீன் பீஸ்லியை. மேடையில் ஆட்டத்தைப் பற்றி பேஜ் அதிகம் பேசவே இல்லை. படிப்பைப் பற்றிப் பேசினார். அணிக் கூட்டத்தில் ஆட்டத்திட்டப் புத்தகத்தைச் சத்தமாக வாசிக்கச் சொன்னபோது சக ஆட்டக்காரர்கள் சிலர் வாசிக்கத் தெரியாமல் திணறியதைச் சொன்னார். பள்ளியும் கல்லூரியும் தாண்டி வந்த ஆண்கள்! ஆட்டம் ஆடினால் போதும் என்று ஒவ்வொரு வகுப்பிலும் தூக்கிவிட்டு அனுப்பியிருக்கிறார்கள். ஆசிரியையாக இதைப் படித்தபோது எனக்கு அவமானமாக இருந்தது. கையில் பந்து பிடித்து வரும் பிள்ளைக்கு எழுத்தைக் கற்றுக்கொடுக்காமல் விட்டது எங்கள் தொழில்தானே.

அந்த வருடமே டயேனும் அவரும் பேஜ் கல்வி அறக்கட்டளையைத் தொடங்கினார்கள். மினசோட்டாவின் கறுப்பின, மற்ற சிறுபான்மை மாணவர்களுக்குக் கல்லூரி உதவித்தொகை. நிபந்தனை ஒன்றுதான். பணம் வாங்கும் மாணவர் தன்னைவிடச் சின்னப் பிள்ளைகளோடு உட்கார்ந்து பாடம் சொல்லித்தர வேண்டும். ஆயிரக்கணக்கான பேர் அப்படிப் படித்துவிட்டார்கள்.

இன்னும் நேரடியாகச் சொல்கிறேன். அவருடைய ஒரு சுண்டுவிரல் நடுவில் மடங்கி, கையிலிருந்து வெளிப்பக்கமாகச் செங்கோணத்தில் நிற்கும். ஆட்டத்தில் மூட்டு நழுவி நழுவி அப்படியே நின்றுவிட்டது. வகுப்பறைக்குக் கதை வாசிக்கப் போனால் பிள்ளைகள் கதையைக் கேட்பதில்லை, விரலைத்தான் பார்ப்பார்கள். அவர் மகள் கேமியும் ஆசிரியை. அப்பாவும் மகளும் சேர்ந்து அந்த விரலையே நாயகனாக்கி 2013இல் சிறுவர் கதைப்புத்தகம் எழுதிவிட்டார்கள். எங்கள் பிள்ளைகளுக்கு நான் அதை வாசிக்கும்போது ஒவ்வொரு தடவையும் இருபத்துச் சொச்சம் பேரும் தங்கள் சுண்டுவிரலை மடக்கி மடக்கிப் பார்ப்பார்கள்.

மினியாபொலிஸில் அலெக்சாண்டர் ராம்சி என்ற பெயரில் நடுநிலைப்பள்ளி இருந்தது. ராம்சி, 1862 போரின்போது டகோட்டா பழங்குடி மக்களை அழிக்க வேண்டும் அல்லது மாநிலத்தை விட்டே விரட்ட வேண்டும் என்று பேசிய ஆளுநர். மாணவர்களே போராடிப் பெயரை மாற்ற வைத்தார்கள். 2017 முதல் அது ஜஸ்டிஸ் பேஜ் நடுநிலைப்பள்ளி.

#11 ஏரிக்கரையான்

சிஸ்டர், உங்கள் பதிவை மூன்று தடவை படித்தேன். முதல் பதிவில் "எல்லாம் கடன், குடி, மறதி என்றுதான் முடியும்" என்று எழுதியிருந்தேன். அந்த வரியில் இருந்த அலட்சியம் இப்போது எனக்கே தெரிகிறது. மெக்நீலை எனக்குத் தெரியாது. தெரியாமல் எழுதிவிட்டேன்.

இருந்தாலும் ஒரு விஷயத்தில் நான் உறுதியாக நிற்கிறேன். பேஜுக்கு அதிர்ஷ்டம் இருந்தது, ஒப்புக்கொள்கிறேன். மூளை தப்பித்தது அவர் சாதனை இல்லை. ஆனால் அவருக்கு இரண்டாவது வாழ்க்கை கிடைத்தது ஓய்வுக்குப் பிறகு இல்லை. களத்தில் இருக்கும்போதே அதைத் தொடங்கிவிட்டார். காலைநடை சார் சொன்ன மாதிரி "மனதளவில் வேறு வாழ்க்கைக்குப் போய்விட்டார்" என்பதைக் குறையாக நான் பார்க்கவில்லை. அணி தன்னை நூறு டாலருக்குக் கைவிடும் நாள் வரும் என்று தெரிந்த மனுஷன் வேறென்ன செய்வார்? அப்போது ஆட்டக்காரர் ஒப்பந்தம் முடிந்தாலும் நினைத்த அணிக்குப் போக முடியாது. ஒருவேளை போனால், எடுத்துக்கொண்ட அணி பழைய அணிக்கு ஈடு கொடுக்க வேண்டும், அந்த ஈட்டை லீக் ஆணையர் பீட் ரோசெல் முடிவு செய்வார். யார் துணிந்து எடுப்பார்கள்? 1974இல் இதை எதிர்த்து ஆட்டக்காரர்கள் வேலைநிறுத்தம் செய்தபோது பேஜ் சங்கத்தின் செயற்குழுவில் இருந்தார். அந்த வேலைநிறுத்தம் தோற்றது. உண்மையான விடுதலை ஆட்டக்காரர்களுக்குக் கிடைத்தது 1993இல்தான். முதலாளி முன் தன் நிலை என்ன என்பதைச் சங்கத்தில் உட்கார்ந்து பார்த்த அடுத்த வருடமே சட்டக் கல்லூரியில் போய்ச் சேர்ந்திருக்கிறார். இரண்டும் தற்செயல் என்று என்னால் நம்ப முடியவில்லை.

அந்த நாலு பேர் வரிசையில் கார்ல் எல்லர் போதையில் விழுந்து, எழுந்து, பிறகு போதையில் விழுந்தவர்களுக்கு ஆலோசகராக வேலை பார்த்தார். அதுவும் இரண்டாவது வாழ்க்கைதான். பேஜ் கதையை விட அது சின்னது என்று நான் சொல்ல மாட்டேன்.

#12 காலைநடை

சங்கம் பற்றி எழுதியது எனக்குப் புதிது சார். பட் கிராண்ட் விஷயத்தில் என் கருத்தைப் பாதி மாற்றிக்கொள்கிறேன், மீதியை வைத்துக்கொள்கிறேன். எடை குறைந்தவரை அணி கழற்றியது சரியோ தப்போ, பத்து வருடத்துக்கும் மேல் ஒரு ஆட்டம்கூடத் தவறவிடாமல் ஆடியவரை சீசன் நடுவில் அனுப்பிய விதம் சரியில்லை. பின்னாளில் வைக்கிங்ஸே அவர் ஜெர்சி எண்ணை ஓய்வுபெற வைத்து மரியாதை செய்தது.

#13 வக்கீல் திண்ணை

என் உறுத்தல் தீர்ந்தது. ஆளுநர் மேல் வழக்குப் போட்டுத்தான் தேர்தலையே வாங்கினார் என்பது என் ஜூனியர்களுக்கு நாளைக்குச் சொல்ல வேண்டிய கதை. ஓய்வுக்குப் பிறகும் சட்டத்தை விட்டாரா, இல்லையா?

#14 கரும்பலகை

விடவில்லை ஐயா. 2020 ஜனவரியில் ஒரு யோசனையோடு வந்தார். தரமான அரசுப் பள்ளிக் கல்வியை ஒவ்வொரு குழந்தைக்கும் அடிப்படை உரிமை என்று மினசோட்டா அரசியலமைப்பில் எழுத வேண்டும் என்று. கூட நின்றவர் அமெரிக்க மத்திய வங்கியின் மினியாபொலிஸ் கிளைத் தலைவர் நீல் காஷ்காரி, காஷ்மீரிலிருந்து வந்த பெற்றோரின் மகன். இன்றைய அரசியலமைப்பு பள்ளி 'அமைப்பு' இருக்க வேண்டும் என்றுதான் சொல்கிறது, அந்தப் பிள்ளை கற்றுக்கொண்டதா என்று கேட்பதில்லை. ஆசிரியர் சங்கம் எதிர்த்தது, சட்டமன்றத்தைத் தாண்டவில்லை. நான் அந்தச் சங்கத்தில் இருப்பவள். இந்த ஒரு விஷயத்தில் எனக்குச் சங்கத்தோடு உடன்பாடு இல்லை, கூட்டத்திலும் எழுந்து சொன்னேன்.

#15 வார்டு சிஸ்டர்

ஏரிக்கரையான் சார், பதிலுக்கு நன்றி. நீங்கள் எல்லரைச் சேர்த்துக்கொண்டது எனக்கு நிறைவாக இருந்தது. என் வார்டில் முன்னாள் கல்லூரி ஆட்டக்காரர் ஒருவர் இருந்தார். லீக் வரை போகாதவர், பணமும் இல்லை பேரும் இல்லை. காலையில் என் பெயர் தெரியும், மத்தியானம் தெரியாது. ஆனால் யாராவது பக்கத்தில் வந்து நின்றால் முழங்காலை மடக்கி, ஒரு கையைத் தரையில் ஊன்றி, ஆட்டம் தொடங்குகிற நிலையில் உட்கார்ந்துவிடுவார். உடம்புக்கு அது மட்டும் மறக்கவில்லை. மகள் வந்து முதுகில் தட்டி "ஆட்டம் முடிந்துவிட்டது அப்பா" என்று சொன்னால்தான் எழுந்திருப்பார்.

பேஜின் மனைவி எப்படி இருக்கிறார்?

#16 ஏரிக்கரையான்

டயேன் 2018 செப்டம்பரில் காலமாகிவிட்டார் சிஸ்டர். அந்த வருடத் தொடக்கத்தில்தான், சூப்பர் பவுல் மினியாபொலிஸுக்கு வந்த சமயத்தில், இருவரும் பல வருடமாகச் சேர்த்த பொருள்களை ஊர் மத்திய நூலகத்தில் காட்சிக்கு வைத்தார்கள். அடிமைக் காலத்துப் பொருள்கள், "வெள்ளையர் மட்டும்" வகைப் பலகைகள், கறுப்பினக் கலைஞர்களின் ஓவியங்கள். ஊரெல்லாம் பந்தாட்டக் கொண்டாட்டம், அவர்கள் மக்களை அழைத்தது இதைப் பார்க்க. நான் பையனோடு போனேன். ஒரு பலகை முன்னால் அவன் வெகுநேரம் நின்றான், ஒன்றும் கேட்கவில்லை.

அதே வருடம் நவம்பரில் வெள்ளை மாளிகையில் பேஜுக்கு அதிபரின் சுதந்திரப் பதக்கம் கொடுத்தார்கள். டயேன் போய் இரண்டு மாதம்கூட ஆகவில்லை. ஓட்டத்தில் அவரை இழுத்துவிட்ட பெண், அறக்கட்டளையைக் கூட நின்று கட்டிய பெண், அந்த அறையில் இல்லை.

#17 காலைநடை

சார், இந்த அக்டோபரில் அங்கே ஓடப் பதிவு செய்திருக்கிறேன். நீங்கள் அன்று நின்றது எந்த இடம்?

#18 ஏரிக்கரையான்

மூன்றாவது மைல் தாண்டி ஏரி திறக்கும். அங்கே சாலை வளைகிறது, மரம் அடர்த்தி, அதனால் ஆள் கண்ணுக்குத் தெரிவதற்கு முன்பே சத்தம் வந்துவிடும். என் மனைவி அதைக் கேட்டுத்தான் நிமிர்ந்து பார்த்ததாகச் சொன்னாள். பந்தயம் செயின்ட் பாலில் மாநிலச் சட்டமன்றக் கட்டடத்தின் முன்னால் முடியும். கடைசி இறக்கத்தில் அந்த வெள்ளைக் கோபுரம் தெரியும்போது, அதன் பக்கத்திலேயே அவர் உட்கார்ந்த நீதிமன்றக் கட்டடமும் இருக்கிறது, பார்த்துக்கொள்ளுங்கள். நாங்கள் மூவரும் ஏரிக்கரையில் நிற்போம். உங்கள் எண்ணை முந்தின நாள் அனுப்புங்கள், பையன் அட்டையில் எழுதிப் பிடிப்பான்.